காரியாபட்டியைத் தாண்டிப் போன எல்லைக்கல்

சூடம் ஏற்றி, அதை உள்ளங்கையால் அடித்து அணைத்துச் சொல்வது இது. இதில் ஒரு சொல் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. பொய் என்று யாராவது காட்டிவிட்டால் சொன்னவன் நாக்கைக் காளியம்மன் எடுத்துக்கொள்ளட்டும். அவள் நாக்கை நீட்டிக்கொண்டு நிற்கிற தெய்வம். நாக்கின் அருமை தெரிந்தவள்.

செங்கரட்டுப்பட்டி திருச்சுழி தாலுகாவில் இருக்கிறது. மழை பெய்தால் அங்கே குதிரைவாலி விளையும், பெய்யாவிட்டால் வழக்கு விளையும். இரண்டுக்கும் விதை ஊரிலேயே கிடைக்கும்.

அந்த ஊர்க் காளியம்மனுக்குப் பங்குனிப் பொங்கல் எட்டு நாள். முதல் நாள் ஒருவர் கையில் காப்புக் கட்டுவார்கள். மஞ்சள் கயிறு, அதில் ஒரு விரலி மஞ்சள், ஒரு கொத்து வேப்பிலை. கட்டியவர்தான் எட்டு நாளும் திருவிழாவுக்குப் பொறுப்பு. கடைசி நாள் முதல் பொங்கல் பானையை அடுப்பிலிருந்து இறக்குவதும் அவர்தான். காப்புக் கட்டிவிட்டால் ஊர் எல்லைக்குள் எண்ணெய் காயக் கூடாது, கடுகு பொரியக் கூடாது. எல்லாவற்றுக்கும் மேலே, காப்புக் கட்டிய ஆள் ஊரின் வடமுனையில் நிற்கும் எல்லைக்கல்லைத் தாண்டக் கூடாது. தாண்டினால் காப்பு அறுந்ததாகக் கணக்கு. அந்த வருஷம் அம்மனுக்குப் பொங்கல் இல்லை.

நான்கு தலைமுறையாக அந்தக் காப்பு நல்லமுத்து வீட்டுக் கையில்தான் ஏறியது. நல்லமுத்துவுக்கு ஊரில் பாதி நிலம், மீதிப் பாதியின் மேல் ஒரு கண். ‘இனிமேல் எல்லாத் தலைக்கட்டுக்கும் உரிமை வேண்டும்’ என்று மேற்குத் தெருக்காரர்கள் கேட்டபோது அவர் கோர்ட்டுக்குப் போனார். ஆறு வருஷம் கோயில் பூட்டிக் கிடந்தது. கடைசியில், ஊரில் உள்ள நூற்று நாற்பத்திரண்டு தலைக்கட்டுப் பெயரையும் எழுதிப் பித்தளைக் குடத்தில் போட்டுக் குலுக்கி எடு என்று உத்தரவு வந்தது.

பூசாரி தவசி குலுக்கி ஒரு சீட்டை எடுத்தார். பிச்சையம்மாள் என்று இருந்தது. நல்லமுத்து மறுபடி குலுக்கச் சொன்னார். பிச்சையம்மாள். மூன்றாவது தடவையும் அவளே. நான்காவது தடவை அவள் சீட்டைத் தனியாக எடுத்து வைத்துவிட்டுக் குலுக்கினார்கள். அப்போதும் பிச்சையம்மாள் என்றே வந்தது. அதற்கு மேல் குலுக்கத் தவசிக்குக் கை எழவில்லை.

பிச்சையம்மாளுக்கு ஐம்பத்தெட்டு வயது. மேற்குத் தெரு. அவளைப் பெற்றவர்கள் நல்லமுத்துவின் அப்பா காட்டில் களை வெட்டிக் காலம் தள்ளியவர்கள். இவள் பதினெட்டு வயதில் மில் பஸ்ஸில் ஏறி அருப்புக்கோட்டைக்குப் போனாள். நூற்பு மில்லில் இருபத்தாறு வருஷம். அந்த இரைச்சலுக்கு மேலே பேசிப் பழகியதில் அவளுக்கு ஒரு தொண்டை வாய்த்திருந்தது. செங்கரட்டுப்பட்டியில் நின்று தன் ஆட்டைக் கூப்பிட்டால் வீரசோழனில் மேய்கிற ஆடு திரும்பிப் பார்க்கும். பார்த்ததோடு நிற்காது, கிளம்பி வந்தும் விடும். அந்த வகையில் அவளிடம் யார் யாரோ வீட்டு ஆடுகள் ஏழு இருந்தன.

தவசி காப்பைக் கட்டப் போகையில் நல்லமுத்து முன்னால் வந்தார்.

“என்னடா தவசி, புருசன் இல்லாதவ கையில காப்பா?”

பிச்சையம்மாள் நீட்டிய கையை மடக்கவில்லை. “ஏண்ணே, காளியாத்தாவுக்கு மட்டும் புருசன் எங்க இருக்காரு? ஒங்க வீட்டு மாடியில குடிவச்சிருக்கீகளா?”

கூட்டம் சிரித்தது. நல்லமுத்துவைக் கடித்தது சிரிப்பு அல்ல, அந்த ‘அண்ணே’. அவளுடைய அம்மா அவரைச் சாகும்வரை ‘சின்ன மொதலாளி’ என்றுதான் கூப்பிட்டாள். அந்த அம்மாதான் நாற்பது வருஷம் பொங்கல் அடுப்புக்குச் சுள்ளி பொறுக்கிக் கொண்டுவந்து போட்டவள். பானையை ஒரு நாளும் தொட்டதில்லை, தொட விட்டதில்லை. எட்டாம் நாள் அந்தப் பானையைத் தன் கையால் இறக்க வேண்டும். பிச்சையம்மாளுக்கு வேண்டியது அவ்வளவுதான். சாமியிடமும் அவள் வேறு எதையும் கேட்டு வைக்கவில்லை.

இரண்டாம் நாள் மத்தியானம் அருப்புக்கோட்டையிலிருந்து வக்கீல் சுகப்பிரியா போன் செய்தாள். மேற்குத் தெருவுக்காக ஆறு வருஷமாக வழக்கு நடத்துகிறவள்.

“அம்மா, நல்லமுத்து புதுசா மனு போட்டிருக்காக. காப்பு உரிமை அவுக குடும்பத்துக்குத்தானாம். அதனால அவுகளும் வீட்டுச் சாமி ரூம்ல வச்சு முறைப்படி காப்புக் கட்டிக்கிட்டாகளாம். நாலாவது பத்தியில எழுதியிருக்காக. நீங்க அஞ்சாம் நாள் நேர்ல வந்து பதில் சொல்லணும்.”

“எங்க தாயி?”

“மதுரைக் கோர்ட்டுல.”

பிச்சையம்மாள் போனைக் காதிலிருந்து எடுத்து ஒரு தரம் பார்த்தாள். “காப்போட எப்படித் தாயி எல்லையைத் தாண்டுவேன்?”

“அதுக்காகத்தாம்மா அந்தத் தேதியைக் கேட்டு வாங்கியிருக்காக. நீங்க வந்தா காப்பு அறுந்து போச்சும்பாக. வரலைன்னா எதிர்த்தரப்பு வரலைன்னு சொல்லி உத்தரவு கேப்பாக. நான் வேணா தேதி தள்ளி வாங்கிப் பாக்கறேன்.”

“வாங்காத. தேதி வாங்கி வாங்கித்தான் ஆத்தா ஆறு வருசம் பட்டினி கெடந்தா. வாரேன்னு சொல்லு.”

“எப்படிம்மா வருவீக?”

“அது எங்க ஊரு வேலை. நீ ஒன் வேலையைப் பாரு தாயி” என்று போனை வைத்தாள். வைத்த பிறகும் அவள் குரல் அருப்புக்கோட்டையில் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்ததாகச் சுகப்பிரியா பிற்பாடு சொன்னாள்.

சாயங்காலம் கோயில் முன்னால் மேற்குத் தெரு கூடியது. ஆளுக்கு ஒன்று சொன்னார்கள். பிச்சையம்மாள் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுத் தவசியைப் பார்த்தாள்.

“தவசியண்ணே, காப்புக் கட்டுனவ எல்லைக்கல்லைத் தாண்டக் கூடாது. இதுதானே முறை?”

“ஆமா.”

“கல்லு இந்த எடத்துலதான் நிக்கணும்னு முறை இருக்கா?”

தவசி வாயைத் திறந்தார். அவர் அப்பாவிடம் கேட்டதையெல்லாம், தாத்தாவிடம் கேட்டதையெல்லாம் மனசுக்குள் ஓட்டிப் பார்த்தார். “அப்படி ஒண்ணும் சொல்லிவைக்கலையே.”

“அப்பச் சரி. நான் கல்லைத் தாண்டல. கல்லு எனக்கு முன்னாடி மதுரைக்குப் போகுது. நான் பின்னாடியே நம்ம ஊருக்குள்ளயே வாரேன்.”

அவள் அண்ணன் மகன் விஜயபாண்டிக்குச் சொந்தமாக ஒரு குட்டியானை இருந்தது. செங்கல் லோடு, தண்ணீர்க் கேன் லோடு ஏற்றுகிற சின்ன வண்டி. ஐந்தாம் நாள் விடிந்ததும் அதை வடமுனைக்குக் கொண்டுவந்து நிறுத்தினான். கல் நெஞ்சளவு உயரம்; சுண்ணாம்பும் குங்குமமும் பூசி, ஒரு வேட்டித் துண்டு சுற்றியிருந்தது. நான்கு பேர் பிடித்தார்கள், அசையவில்லை. எட்டுப் பேர் பிடித்தார்கள். எட்டுப் பேருடைய இடுப்புதான் அசைந்தது.

“தள்ளுங்கடா” என்று பிச்சையம்மாள் வந்தாள். கல்லின் எதிரே இடுப்பில் கைவைத்து நின்றாள்.

“இந்தா பாரு. ஊருக்குக் காவல்னு ஒன்னைய நட்டு வச்சிருக்கு. எனக்காக நீ வாறியா, இல்ல ஒனக்கும் நல்லமுத்தண்ணேதான் எசமான்னு நான் போயி ஊருல சொல்லிறவா?”

கல்லுக்கும் ரோஷம் உண்டு. அடுத்த நிமிஷம் தவசியும் விஜயபாண்டியும் ஆளுக்கு ஒரு பக்கம் கைகொடுக்க, பூசணிக்காய் மாதிரி எழுந்து வந்து வண்டியின் பின்தட்டில் படுத்துக்கொண்டது.

பிச்சையம்மாள் முன்னால் டிரைவர் பக்கத்து சீட்டில் ஏறி உட்கார்ந்தாள். விஜயபாண்டி கியரைப் போட்டான்.

“ஏலே நிப்பாட்டு!” தவசி ஓடிவந்தார். “கல்லு பின்தட்டுல, அவ முன்சீட்டுல. வண்டி நகந்தா கல்லுக்கு முன்னாடி அவ போறா. எல்லையை நாலடி தாண்டிட்டாள்னு நல்லமுத்து வக்கீல் டேப்பு வச்சு அளப்பான்.”

எல்லோரும் வண்டியைச் சுற்றி வந்தார்கள். பின்தட்டில் ஆள் உட்கார இடம் இல்லை. கல் கை காலை நீட்டிப் படுத்திருந்தது.

விஜயபாண்டி தலையைச் சொறிந்தான். “ரிவர்ஸுல போனா கல்லு முன்னாடி போகும், அத்தை பின்னாடி வரும்.”

“போ” என்றாள் பிச்சையம்மாள்.

அப்படித்தான் அறுபத்திரண்டு கிலோமீட்டரும் ரிவர்ஸ் கியரில் போனது வண்டி. ரிவர்ஸ் போட்டால் அதில் ஒரு பாட்டு மெட்டு அடிக்கும். மதுரை வரைக்கும் அது நிற்கவில்லை. பிச்சையம்மாள் முகம் முழுவழியும் ஊரைப் பார்த்தபடியே இருந்தது. ஊர் அவளைத் தொடர்ந்து நீண்டுகொண்டே வந்தது. திருச்சுழி செங்கரட்டுப்பட்டிக்குள் வந்துவிட்டது. செங்கரட்டுப்பட்டிக்காரர் ஒருவர் தாலுகா ஆபீஸில் மனுவோடு நின்றிருந்தார். அவர் அன்றைக்குப் பஸ் ஏறாமலே ஊர் திரும்பியவர் ஆனார்.

கல் காரியாபட்டி சந்தைக்குள் நுழைந்தபோது அங்கே ஒரு டீக்கடையில் வடைச் சட்டியில் எண்ணெய் கொதித்துக்கொண்டிருந்தது. பிச்சையம்மாள் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தாள்.

“வடை மாஸ்டரு! அடுப்பை அமத்துங்க. எங்க ஊரு எல்லைக்குள்ள காப்பு நேரத்துல எண்ணெ காயக் கூடாது.”

“இது காரியாபட்டிக்கா.”

“பத்து நிமிசம் முன்னாடி வரைக்கும்.”

வடை மாஸ்டர் அடுப்பை அணைத்திருக்க மாட்டார். ஆனால் அவள் குரல் கேட்டு அடுப்பே அணைந்துவிட்டது. அந்தக் கடை மட்டுமல்ல. சந்தையில் நாற்பத்தொரு அடுப்பு. அன்று காரியாபட்டியில் ரசத்துக்குத் தாளிக்காமல்தான் சாப்பிட்டார்கள்.

சந்தை முக்கில் ஒரு போலீஸ்காரர் கையைக் காட்டி நிறுத்தினார்.

“ஏன்யா ரிவர்ஸுல மதுரைக்குப் போற?”

“மதுரைக்குப் போகல சார்” என்றான் விஜயபாண்டி, கழுத்தைத் திருப்ப முடியாமல். “ஊரை விட்டு வராம இருக்கோம்.”

போலீஸ்காரர் இதற்கு எந்தச் சட்டப் பிரிவு என்று யோசித்துக்கொண்டிருக்கையில்தான் நல்லமுத்துவின் வெள்ளைக் கார் வந்தது. வண்டியைப் பார்த்தார், கல்லைப் பார்த்தார், கண்ணாடியை இறக்கிச் சிரித்தார். “என்ன பிச்சை, கோர்ட்டுக்கு அம்மி கொத்தப் போறியா?” என்று கேட்டு, கையை வெளியே நீட்டி டாட்டா காட்டிவிட்டு, குட்டியானையை ஓவர்டேக் செய்து பறந்துவிட்டார்.

விஜயபாண்டி பல்லைக் கடித்தான். பிச்சையம்மாள் ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டினாள். டாட்டா காட்டிய கையை மட்டும் பார்த்து வைத்துக்கொண்டாள். போலீஸ்காரர் கடைசிவரை பிரிவு கிடைக்காமல் கையை இறக்கி வழி விட்டார்.

டோல்கேட்டில் ஒரு தகராறும் இல்லை. உள்ளூர் வண்டி என்று விட்டுவிட்டார்கள். எந்த ஊருக்கு உள்ளூர் என்று பின்னால் வந்த லாரிக்காரர் கேட்டதற்கு, கல்லைக் காட்டினார்கள்.

கோர்ட்டு வாசலில் சோதனை போடுகிற பெண், கல்லெல்லாம் உள்ளே விட முடியாது என்றாள்.

“கல்லை நாங்க ஒங்க கோர்ட்டுக்குள்ள கொண்டு வரலம்மா” என்றாள் பிச்சையம்மாள். “ஒங்க கோர்ட்டைத்தான் எங்க ஊருக்குள்ள எடுத்துக்கிட்டிருக்கோம்.”

அந்தப் பெண்ணுக்கு இதற்கு விதி தெரியவில்லை. சுகப்பிரியா வழக்குக் கட்டுகளைத் தள்ளிக்கொண்டு போகிற சக்கர வண்டி ஒன்றைக் கொண்டுவந்தாள். கல் அதில் ஏறியது. ஆறு வருஷ வழக்குக் கட்டைவிடக் கல் கனம் குறைவு என்று அதைத் தள்ளியவன் சொன்னான். கல் முன்னால் உருண்டது. பிச்சையம்மாள் வெறுங்காலோடு, காப்புக் கையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு பின்னால் நடந்தாள்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டார். “என்ன இது?”

“எல்லை, மை லார்ட்” என்றாள் சுகப்பிரியா.

நல்லமுத்துவின் பெரிய வக்கீல் எழுந்தார். காப்புக் கட்டிய பெண் ஊர் எல்லையைத் தாண்டி அறுபது கிலோமீட்டர் வந்து நிற்கிறாள், காப்பு அறுந்தது, திருவிழா செல்லாது என்றார். சுகப்பிரியா, அவர் இன்னும் எல்லையைத் தாண்டவில்லை, கல்லுக்கு இந்தப் பக்கம்தான் நிற்கிறார் என்றாள்.

நீதிபதி கல்லைப் பார்த்தார். தன் நாற்காலியைப் பார்த்தார். “அப்படியானால் நான் இப்போது எந்த ஊரில் உட்கார்ந்திருக்கிறேன்?”

“செங்கரட்டுப்பட்டியில. கல்லு நிக்கிற கோட்டைக் கொஞ்சம் தாண்டி உட்கார்ந்திருந்தா மதுரை” என்றாள் சுகப்பிரியா.

பெரிய வக்கீல் சிரித்தார். “கல்லை நகர்த்தினால் எல்லை நகராது. எல்லை என்பது சர்வே நம்பர்.”

நீதிபதி தாள்களைப் புரட்டினார். “உங்கள் மனு ஏழாவது பத்தி. ‘ஊர் எல்லை என்பது மேற்படி கல்லே அன்றி சர்வே அளவு அல்ல, இதுவே தொன்றுதொட்டு வரும் வழக்கம்.’ இதை எழுதியது நீங்கள்தானே?”

பெரிய வக்கீல் தண்ணீர் குடித்தார்.

“ஐயா, நான் ஒரு வார்த்தை கேக்கலாமா?” என்றாள் பிச்சையம்மாள்.

மெதுவாகத்தான் கேட்டாள். மேலே ஓடிக்கொண்டிருந்த மின்விசிறி நின்றது. பக்கத்து ஹாலில் ஒரு சாட்சி, அதுவரை மறைத்து வைத்திருந்த உண்மையைச் சொல்லிவிட்டான்.

“கேளுங்கள்” என்றார் நீதிபதி.

அவள் நல்லமுத்து பக்கம் திரும்பினாள். “அண்ணே, அந்த முழுக்கைச் சட்டையைக் கொஞ்சம் மடக்குங்க.”

நல்லமுத்து மடக்கவில்லை. கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார். “என்ன பேச்சு பேசுற பிச்சை? யார்கிட்டப் பேசுறோம்னு நெனப்பு இருக்கட்டும்.”

“இருக்குண்ணே. அதனாலதான் நின்னுக்கிட்டுப் பேசுறேன். எங்க ஆத்தா ஒங்க வாசல்ல குனிஞ்சு பேசுனதுக்கும் சேத்து.”

நீதிபதி சொன்ன பிறகு சட்டை மேலே ஏறியது. கைக்கடிகாரத்துக்கு அடியில் மஞ்சள் கயிறு, விரலி மஞ்சள், வாடிய வேப்பிலை.

“நாலாவது பத்தியில் நீங்களும் காப்புக் கட்டியிருப்பதாகச் சொல்லியிருக்கிறீர்கள்” என்றார் நீதிபதி. “எப்படி வந்தீர்கள்?”

“கார்லங்கய்யா.”

“கல்லுக்கு முன்னாலா, பின்னாலா?”

நல்லமுத்து தன் வக்கீலைப் பார்த்தார். வக்கீல் மேலே நின்றுபோன மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“காரியாபட்டியில எங்களை ஓவர்டேக் பண்ணுனாகய்யா” என்றாள் பிச்சையம்மாள். “டாட்டாகூடக் காட்டுனாக. இந்தக் காப்புக் கையாலதான் காட்டுனாக. கல்லு நகந்தா எல்லை நகரும்னா, அண்ணே காரியாபட்டியில தாண்டிட்டாக. நகராதுன்னா, ரெண்டு பேரும் ஊருலயே தாண்டிட்டோம். எப்படிப் பாத்தாலும் அவுக காப்பு அறுந்து போச்சு. என் காப்பு ஒரு வழியிலயாவது நிக்குது.”

பெரிய வக்கீல் உட்கார்ந்தார். தீர்ப்பு வருவதற்கு முன்பே உட்கார்ந்த வக்கீல் அவர் ஒருவர்தான் என்று இன்றும் அங்கே சொல்கிறார்கள்.

நீதிபதி உத்தரவைச் சொன்னார். பிச்சையம்மாள் காப்பு செல்லும். திருவிழா நடக்கலாம். யாரும் குறுக்கே நிற்கக் கூடாது. எல்லைக்கல்லை எடுத்த இடத்திலேயே, ஒரு விரல் கூடாமல் குறையாமல் நட வேண்டும்.

பிறகு எழப்போனவர் தயங்கினார். “அம்மா, நான் இப்போது வீட்டுக்குப் போனால் எல்லையைத் தாண்டினதாக ஆகுமா?”

“ஒங்களுக்குத்தான் காப்பு இல்லையேய்யா, தாராளமாப் போங்க. கல்லு இங்கன இருக்குற வரைக்கும் தாளிச்சு மட்டும் சாப்பிட்டுறாதீக.”

திரும்பும்போது அவள் முன்னால், கல் பின்னால். விஜயபாண்டி நேராகவே ஓட்டினான். ஆனால் மூன்று நாளைக்கு அவன் கழுத்து பின்பக்கமே பார்த்துக்கொண்டிருந்தது. கல் காரியாபட்டியைக் கடந்ததும் நாற்பத்தொரு அடுப்பும் தானாகப் பற்றிக்கொண்டன. ஊர் கொஞ்சம் கொஞ்சமாகச் சுருங்கி, இருட்டுவதற்கு முன்பே பழைய அளவுக்கு வந்துவிட்டது. கல்லும் எடுத்த குழியிலேயே இறங்கி நின்றது.

எட்டாம் நாள் கோயில் முன்னால் பொங்கல் பொங்கியது. நல்லமுத்து வேப்பமரத்தடியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். தவசி பிடிதுணியை நீட்டினார். பிச்சையம்மாள் வாங்கவில்லை. வெறுங்கையால் பானையின் கழுத்தைப் பிடித்துத் தூக்கினாள். மில் கை, சுடவில்லை என்று சொன்னாள். சுட்டிருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பாள்.

முதல் அகப்பைக்காகக் கூட்டம் நல்லமுத்து நின்ற பக்கம் வழி விட்டது. நான்கு தலைமுறைப் பழக்கம், கால் தானாக விலகிக்கொண்டது. பிச்சையம்மாள் அந்த வழியில் போகவில்லை. அடுப்புக்குப் பின்னால் சுள்ளி ஒடித்துப் போட்டுக்கொண்டிருந்த தங்கலட்சுமியிடம் போய், அவள் முந்தானையை இழுத்து நிமிர்த்தி, இலையை விரித்து முதல் அகப்பையை அதில் வைத்தாள்.

“எனக்கா மதினி?” என்றாள் தங்கலட்சுமி.

“ஒனக்குத்தான். நின்னுக்கிட்டு வாங்கு.”

பிறகு மரத்தடியைப் பார்த்து, வீரசோழன் வரைக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னாள்:

“அண்ணே, நீங்களும் வாங்க! வரிசை அந்தா, விஜயபாண்டிக்குப் பின்னாடி.”

நல்லமுத்து வந்தார். நாற்பத்து மூன்றாவது ஆளாக நின்றார்.

போன வருஷம் ரோட்டை அகலப்படுத்த வந்தவர்கள் இரண்டு ஜேசிபி வைத்து நான்கு நாள் தோண்டினார்கள். அந்த எல்லைக்கல் தரைக்கு அடியில் இருபது அடிக்குப் போகிற பாறையின் நுனி என்று தெரிந்தது. அதனால்தான் செங்கரட்டுப்பட்டி ரோடு இன்றைக்கும் அதைச் சுற்றி வளைந்து போகிறது.